மாதச் சம்பளமும் மாலை அரிதாரமும்: சென்னைத் தொலைக்காட்சியின் முதல் தலைமுறைத் துணை நடிகர்களும் தென் புறநகரும்

இந்தியத் தொலைக்காட்சியின் வரலாறு பெரும்பாலும் ஒளிபரப்புக் கோபுரங்கள், அரசாணைகள், தொடக்க விழாக்கள், விளம்பர வருவாய் ஆகியவற்றின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்திருக்கிறது. டில்லியில் 1959 செப்டம்பர் 15 அன்று சோதனை முறையில் தொடங்கிய ஒளிபரப்பு, 1972இல் பம்பாய்க்கும், 1975 ஆகஸ்டில் கல்கத்தாவுக்கும் சென்னைக்கும் வந்து சேர்ந்த செய்தி பலமுறை பதிவாகிவிட்டது. ஆனால் சென்னை நிலையம் நாடகம் ஒளிபரப்பத் தொடங்கிய காலத்திலேயே ஒவ்வொரு நாடகத்துக்கும் ஒரு மாமனாரும், ஓர் அலுவலக மேலாளரும், ஒரு பக்கத்து வீட்டுக்காரரும், ஒரு குடும்ப வைத்தியரும் தேவைப்பட்டார்கள். அந்த வேடங்களை ஏற்றவர்கள் எங்கிருந்து வந்தார்கள், என்ன பயிற்சியோடு வந்தார்கள், எதைக் கொண்டு வாழ்ந்தார்கள் என்ற கேள்விகள் இதுவரை போதிய கவனம் பெறவில்லை.

திரைப்படத் தொழிலில் துணை நடிகர் என்ற சொல், கூட்டத்தில் நிற்பவர், ஓரிரு வசனம் பேசுபவர் ஆகியோரைக் குறிக்கவே வழங்குகிறது. பெயரும் குணமும் கொண்ட ஒரு பாத்திரத்தை ஏற்பவரைக் குணச்சித்திர நடிகர் என்பார்கள். இக்கட்டுரையில் துணை நடிகர் என்பது நாயகன், நாயகி அல்லாத எல்லாப் பேசும் வேடங்களையும் ஏற்றவரைக் குறிக்கும். சென்னைத் தொலைக்காட்சியின் முதல் தலைமுறைத் துணை நடிகர்களில் பெரும்பாலோர் நடிப்பை முழுநேரத் தொழிலாகக் கொண்டவர்கள் அல்லர். பகலில் அலுவலகத்திலும் மாலையில் ஒத்திகையிலும் பொழுதைக் கழித்த அவர்களை உருவாக்கியது சபா நாடகமும் வானொலியும். அவர்களைத் தாங்கியது மாதச் சம்பளம். கிண்டியிலிருந்து தாம்பரம் வரை இரயில் பாதையை ஒட்டி வளர்ந்த தென் புறநகருக்கு இந்த வரலாற்றில் ஓர் இடம் உண்டு.

பம்மல் வழிமரபு

இம்மரபின் தொடக்கத்தைத் தேடினால் பல்லாவரத்தை அடுத்த பம்மலுக்கு வந்து சேர வேண்டியிருக்கிறது. இன்று தாம்பரம் மாநகராட்சிக்குள் அடங்கியிருக்கும் அவ்வூரின் பெயரைத் தம் பெயரோடு சேர்த்துக்கொண்ட பம்மல் சம்பந்த முதலியார் (1873–1964), 1891இல் நண்பர்களோடு சேர்ந்து சென்னையில் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். அதே ஆண்டு சென்னைக்கு வந்து நாடகம் நடத்திய பல்லாரி கிருஷ்ணமாச்சாரியாரின் குழு படித்தவர்களால் ஆனது என்பதைக் கண்டதும், தமிழிலும் அத்தகைய குழு வேண்டும் என்ற எண்ணம் எழுந்ததும் இதற்குத் தூண்டுதலாக அமைந்தன. அக்காலத்தில் நாடகம் என்பது ஊர் ஊராகச் சென்று கொட்டகை போட்டு நடித்த தொழில்முறைக் குழுக்களின் வேலையாக இருந்தது. சற்றுப் பின்னர், சங்கரதாஸ் சுவாமிகள் போன்ற வாத்தியார்களின் கீழ்ச் சிறுவர்களைச் சேர்த்துப் பாட்டும் வசனமும் பயிற்றுவித்த பாய்ஸ் கம்பெனிகள் அத்தொழிலின் பயிற்சிப் பள்ளிகளாயின. இவற்றுக்கு மாறாக, வேறு தொழிலில் வருவாய் உடையவர்கள் ஓய்வு நேரத்தில் நடிக்கும் அமெச்சூர் முறையைச் சுகுண விலாச சபை நிலைநிறுத்தியது.

சம்பந்த முதலியார் வழக்கறிஞராகவும் பின்னர் நீதிபதியாகவும் பணியாற்றியவர். அவரோடு நாயகி வேடங்களில் நடித்த ரங்கவடிவேலுவும் வழக்கறிஞர். தேசியத் தலைவர் சத்தியமூர்த்தியும் அச்சபை மேடையில் நடித்தவர். நீதிமன்றத்தில் வாதாடுபவர் மாலையில் அரிதாரம் பூசுவது மதிப்புக் குறைவன்று என்ற எண்ணத்தை இவர்களே நகரத்து நடுத்தர வர்க்கத்தின் மனத்தில் பதித்தார்கள். நடிகருக்கு ஊதியம் இல்லை, ஆனால் அவருக்கு வேறு வருவாய் உண்டு என்ற ஏற்பாடும் இவர்களோடுதான் வேரூன்றியது. எண்பது ஆண்டுகள் கழித்துத் தொலைக்காட்சி வந்தபோது அந்த ஏற்பாடே அதற்கு ஆதாரமாக அமைந்தது.

இரயில் பாதையும் அலுவலகமும்

1931இல் சென்னைக் கடற்கரைக்கும் தாம்பரத்துக்கும் இடையே மீட்டர்கேஜ் பாதையில் மின்சார இரயில் ஓடத் தொடங்கியது. தென்னிந்தியாவில் இரயில் பாதை மின்மயமானது இதுவே முதன்முறை. கோட்டை, பூங்கா, எழும்பூர் ஆகிய நிலையங்களைச் சுற்றியிருந்த அரசு அலுவலகங்களையும் வங்கிகளையும் வணிக நிறுவனங்களையும், பரங்கிமலை, பல்லாவரம், குரோம்பேட்டை, தாம்பரம் போன்ற ஊர்களோடு அந்தப் பாதை இணைத்தது. விடுதலைக்குப் பின் அரசுத் துறைகள் விரிந்தபோது, நகருக்குள் வீடு கட்ட இயலாத எழுத்தர்களும் கணக்கர்களும் ஆசிரியர்களும் இப்பாதையை ஒட்டி மனை வாங்கிக் குடியேறினார்கள். நங்கநல்லூரும் குரோம்பேட்டையும் இவ்வாறு வளர்ந்த ஊர்கள். குடியேறியவர்கள் கோயிலும் பள்ளியும் கட்டியதோடு நில்லாமல், மயிலாப்பூர், தியாகராய நகர்ச் சபாக்களின் அமைப்பில் தங்களுக்கெனச் சபாக்களையும் ஏற்படுத்திக்கொண்டார்கள். சபா என்பது உறுப்பினர்களிடம் சந்தா பெற்று, அதற்கு ஈடாக மாதந்தோறும் கச்சேரியும் நாடகமும் நடத்தித் தரும் சங்கம். ஒரு சபா நாடகக் குழுவை ஒரு மாலைக்கு ஒரு தொகை பேசி வரவழைக்கும். குழு அதே நாடகத்தை அடுத்தடுத்த நாள்களில் வேறு வேறு சபாக்களில் நடத்தும். குழுவின் செலவு போக மிஞ்சுவது குறைவு. நடிகருக்குக் கிடைப்பது போக்குவரத்துச் செலவும் சிற்றுண்டியும் அடுத்த நாடகத்துக்கான அழைப்புமே.

இந்தக் குழுக்களின் உறுப்பினர் பட்டியலைப் பார்த்தால் அது ஓர் அலுவலக வருகைப் பதிவேடு போலவே இருக்கும். 1952இல் ஒய்.ஜி. பார்த்தசாரதி தொடங்கிய யுனைடெட் அமெச்சூர் ஆர்ட்டிஸ்ட்ஸ் தன் பெயரிலேயே அமெச்சூர் என்ற சொல்லைத் தாங்கியது. ராகினி ரிக்ரியேஷன்ஸ் குழுவுக்காக நாடகம் எழுதிய கே. பாலசந்தர் கணக்காய்வுத் தலைவர் அலுவலகத்தில் பணியாற்றியவர். அவருடைய மேடையில் புகழ்பெற்ற நாகேஷ் இரயில்வே ஊழியராக இருந்தவர். ஸ்ரீகாந்த் அமெரிக்கத் தூதரக அலுவலகத்தில் வேலை பார்த்தவர். இவர்கள் திரைப்படத்துக்குப் போய்ப் பெயர் பெற்றதால் வரலாற்றில் நின்றார்கள். போகாமல் வேலையிலேயே ஓய்வு பெற்ற பெருந்தொகையினரே பின்னர்த் தொலைக்காட்சியின் துணை நடிகர்களானார்கள்.

கல்லூரி மேடையும் இந்த வளையத்துக்குள் வரும். 1837இல் தொடங்கிய சென்னைக் கிறித்துவக் கல்லூரி 1937இல் ஜார்ஜ் டவுனிலிருந்து தாம்பரத்துச் சேலையூர்க் காட்டுப்பகுதிக்கு இடம் மாறியது; விடுதிகளோடு கூடிய அக்கல்லூரியில் நாடகம் மாணவர் வாழ்வின் வழக்கமான பகுதியாகியது. அக்கல்லூரியில் படித்து, வேதியியல் பயிற்றுநராகவும் இருந்த கணேசன், ஜெமினி ஸ்டூடியோவில் நடிகர் தேர்வுப் பிரிவில் சேர்ந்து, 1947இல் வெளியான 'மிஸ் மாலினி'யில் சிறு வேடத்தில் தோன்றி, பின்னர் ஜெமினி கணேசன் ஆனார். சில பத்தாண்டுகள் கழித்து, செங்கல்பட்டுப் பகுதியிலிருந்து வந்து அதே கல்லூரியில் படித்த நாசர் அங்கே நாடகக் குழுவில் ஈடுபட்டு, பிறகு திரைப்பட வர்த்தக சபையின் நடிப்புப் பள்ளியிலும் தரமணியிலுள்ள அரசுத் திரைப்படப் பயிற்சி நிறுவனத்திலும் பயின்று, 1985இல் 'கல்யாண அகதிகள்' படத்தில் துணை வேடத்தில் அறிமுகமானார். முன்னவர் காலத்தில் நடிப்புக்குத் தனிப் பள்ளி இல்லை. பின்னவர் காலத்தில் அது தென் புறநகரிலேயே வந்துவிட்டது. இடைப்பட்ட காலத்தில் அப்பள்ளியின் வேலையைச் செய்தவை சபாவும் வானொலியுமே.

வானொலி என்னும் நாற்றங்கால்

சென்னை வானொலி நிலையம் 1938 ஜூன் 16 அன்று அகில இந்திய வானொலியின் பகுதியாகத் தொடங்கியது. நாடகம் அதன் நிகழ்ச்சிகளில் முக்கிய இடம் பெற்றது. நிலையத்திலேயே பணியாற்றிய கலைஞர்கள் சிலரே. மற்ற வேடங்களுக்கு வெளியிலிருந்து நடிகர்கள் அழைக்கப்பட்டார்கள். அவர்கள் குரல் தேர்வில் தேறவேண்டும். தேறியவர்களுக்குத் தரம் வழங்கப்படும். தரத்துக்கேற்ப ஊதியம் அமையும். ஒவ்வொரு நாடகத்துக்கும் தனித்தனி ஒப்பந்தக் கடிதம் வரும், பதிவு முடிந்ததும் காசோலை தரப்படும். மாதச் சம்பளக்காரர் ஒருவருக்கு இது கூடுதல் வருவாய்தானே தவிர, வாழ்வதற்கான வருவாயன்று. ஆயினும் அரசு நிறுவனம் ஒன்று தரம் பிரித்துச் சான்று அளித்ததால், அண்டை வீட்டார் மதிப்பில் அந்தக் கடிதத்துக்குத் தனி எடை இருந்தது.

அரசு ஊழியர் ஒருவர் வெளியே ஊதியம் பெறுவது பொதுவாகத் தடைக்குரியது. ஆனால் மத்திய அரசு ஊழியர்களுக்கான 1964ஆம் ஆண்டின் நடத்தை விதிகள், கலை, இலக்கியம், அறிவியல் சார்ந்த ஒலிபரப்பில் பங்கேற்க முன் அனுமதி தேவையில்லை என்று விலக்கு அளித்தன. சிறியதாகத் தோன்றும் இந்த விலக்கே அஞ்சல், இரயில்வே, கணக்காய்வு, பாதுகாப்புக் கணக்கு ஆகிய துறைகளின் ஊழியர்களை ஒலிவாங்கியின் முன் அச்சமின்றி நிற்க வைத்தது. பின்னாளில் தொலைக்காட்சிக்கும் அதே வழி பயன்பட்டது.

இந்த வழியே வந்தவர்களில் மிக நன்கு அறியப்பட்டவர் பூர்ணம் விஸ்வநாதன் (1921–2008). டில்லி வானொலியில் தமிழ்ச் செய்தி வாசிப்பாளராக இருந்த அவர், 1947 ஆகஸ்டு 15 அன்று நாடு விடுதலை பெற்ற செய்தியைத் தமிழில் அறிவித்தவர் என்ற பெருமைக்கு உரியவர். தலைநகரில் வாழ்ந்த தமிழர்களின் மேடைகளில் நடித்துப் பழகி, சென்னைக்கு வந்தபின் சொந்தக் குழு அமைத்து, எழுத்தாளர் சுஜாதாவின் நாடகங்களைத் தொடர்ந்து மேடையேற்றினார். 'கடவுள் வந்திருந்தார்', 'ஊஞ்சல்', 'அடிமைகள்' ஆகியவை அவற்றுள் அடங்கும். திரைப்படத்தில் அவருக்குக் கிடைத்தவை துணை வேடங்களே: 1980இல் வெளியான 'வறுமையின் நிறம் சிவப்பு' படத்தில் நாயகனின் தந்தை, 1982இல் 'மூன்றாம் பிறை'யில் பள்ளித் தலைமையாசிரியர், 1994இல் 'மகாநதி'யில் சிறைவாசியான பஞ்சாபகேசன். மேடையில் தம் குழுவின் மையமாக இருந்தவர், திரையில் பிறர் கதையின் ஓரத்தில் நின்றார். இரண்டு இடத்திலும் அவர் கையாண்டது செய்தி வாசிப்பில் பயின்ற அதே நிதானமான, ஒவ்வொரு சொல்லும் தெளிவாக விழும் பேச்சுமுறையைத்தான். சென்னை வானொலியில் சிறுவர் நிகழ்ச்சி நடத்தி வானொலி அண்ணா என்று அழைக்கப்பட்ட கூத்தபிரானும் நாடகக் குழு நடத்தி நடித்தவர். முகம் தெரியாமல் குரலால் மட்டுமே குடும்பங்களுக்குள் புகுந்த இத்தகையவர்கள் தொலைக்காட்சியில் தோன்றியபோது, பார்வையாளர்களுக்கு அவர்கள் புதியவர்களாக இருக்கவில்லை.

பிரிட்டனின் முன்னுதாரணம்

இந்த வழித்தடம் தமிழ்நாட்டுக்கு மட்டும் உரியதன்று. பிரிட்டிஷ் ஒலிபரப்புக் கழகமான பிபிசி 1936 நவம்பர் 2 அன்று வடக்கு லண்டனில் அலெக்சாண்டிரா அரண்மனை என்னும் கட்டடத்திலிருந்து முறையான தொலைக்காட்சி ஒளிபரப்பைத் தொடங்கியபோது, அங்கும் தொலைக்காட்சி நடிகர் என்று எவரும் இல்லை. நாடக அரங்குகளிலும் வானொலியிலும் பழகியவர்களே அழைக்கப்பட்டார்கள். நாடகங்கள் நேரடியாக ஒளிபரப்பாயின; பதிவு செய்து வைக்கும் வசதி இல்லாததால், ஒரு நாடகத்தை மறுபடி காட்ட வேண்டுமானால் அதே நடிகர்கள் சில நாள் கழித்து மறுபடி வந்து முழுவதையும் நடிக்க வேண்டியிருந்தது. போர்க்காலத்தில் நிறுத்தப்பட்டு 1946 ஜூனில் மீண்டும் தொடங்கிய பின்னரும் இம்முறை பல ஆண்டுகள் நீடித்தது. 1953இல் ஒளிபரப்பான புகழ்பெற்ற அறிபுனைத் தொடரான 'குவாட்டர்மாஸ்' முதல் வரிசையின் 6 பகுதிகளில் முதல் 2 மட்டுமே இன்று எஞ்சியிருக்கின்றன. மற்ற நான்கில் நடித்தவர்களின் உழைப்பு அந்தந்த இரவோடு போயிற்று.

பிரிட்டனில் துணை நடிகரின் உயர்வுக்குச் சிறந்த சான்று வயலட் கார்சன். பிபிசி வானொலியின் சிறுவர் நிகழ்ச்சியில் வை அத்தை என்று அறியப்பட்டவரும், வானொலி நிகழ்ச்சிகளில் பியானோ வாசித்தவருமான அவர், 1960 டிசம்பரில் மான்செஸ்டரிலிருந்து கிரானடா நிறுவனம் தொடங்கிய 'கரோனேஷன் ஸ்ட்ரீட்' தொடரில் ஏனா ஷார்ப்பிள்ஸ் என்ற கடுகடுப்பான முதியவளாக நடித்து நாடறிந்தவரானார். வானொலி அத்தையும் வானொலி அண்ணாவும் ஒரே தடத்தில் வந்தவர்கள் எனலாம். ஆனால் ஒரு வேறுபாடு முக்கியமானது. பிரிட்டனில் 1930லேயே ஈக்விட்டி என்னும் நடிகர் தொழிற்சங்கம் அமைந்துவிட்டது. சிறு வேடம் ஏற்பவரும் தொழிலாளி என்ற தகுதியோடு, சங்கத்தின் பாதுகாப்போடு படப்பிடிப்புக் கூடத்துக்குள் நுழைந்தார். சென்னையின் துணை நடிகருக்கு அத்தகைய சங்கப் பாதுகாப்பைத் தந்தது அவருடைய அலுவலகமே: ஓய்வூதியம், மருத்துவ வசதி, தற்செயல் விடுப்பு எல்லாம் அங்கிருந்துதான் வந்தன. தொலைக்காட்சி கொடுத்த ஊதியம் குறைவாக இருந்தும் நடிகர்களுக்குப் பஞ்சம் வராததற்குக் காரணம் இதுவே.

சிவானந்தா சாலையின் படப்பிடிப்புக் கூடம்

சேப்பாக்கத்தில் சுவாமி சிவானந்தா சாலையில் அமைந்த சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்டில் ஒளிபரப்பைத் தொடங்கியபோது, தொலைக்காட்சி இன்னும் வானொலியின் ஒரு கிளையாகவே இருந்தது. 1976 ஏப்ரல் 1 அன்றுதான் தூர்தர்ஷன் தனி அமைப்பாயிற்று. எனவே நாடக நடிகர்களைத் தேர்ந்தெடுக்கும் முறை, தரம், ஒப்பந்தம், காசோலை எல்லாம் வானொலியின் பழக்கத்தையே பின்பற்றின. கறுப்பு வெள்ளை ஒளிபரப்பு, நாளுக்குச் சில மணி நேரம் மட்டுமே நிகழ்ச்சி, சென்னையில் தயாரான சாலிடேர், டயனோரா பெட்டிகள், தெருவுக்கு ஓரிரு வீடுகளில் மட்டும் மொட்டை மாடியில் நின்ற ஆண்டெனா, அந்த வீட்டுக் கூடத்தில் திரண்ட அண்டை அயலார் என்பதே தாம்பரம், குரோம்பேட்டைத் தெருக்களின் அன்றைய நிலை. வெள்ளிக்கிழமை 'ஒளியும் ஒலியும்', ஞாயிற்றுக்கிழமைத் திரைப்படம் ஆகியவற்றுக்கு அடுத்தபடியாகச் செவ்வாய்க்கிழமை நாடகத்துக்கு நிலையான பார்வையாளர்கள் இருந்தார்கள்.

மேடை நடிகர் இக்கூடத்துக்குள் வந்ததும் பலவற்றை மறந்து சிலவற்றைப் புதிதாகப் பழகவேண்டியிருந்தது. மேடையில் குரல் கடைசி வரிசைக்குச் சென்று சேரவேண்டும்; இங்கே தலைக்கு மேல் நீண்ட கம்பில் தொங்கும் பூம் மைக் மெல்லிய பேச்சையும் வாங்கிக்கொள்ளும், ஆகையால் உரத்த குரல் செயற்கையாக ஒலிக்கும். மேடையில் வசனம் மறந்தால் திரைக்குப் பின்னாலிருந்து எடுத்துக் கொடுக்கும் பிராம்ப்டர் உண்டு. இங்கே அவர் குரலும் பதிவாகிவிடும். சிரிப்பு வரும் இடத்தில் பார்வையாளர் கைதட்டுக்காக நிறுத்திப் பேசிப் பழகியவருக்கு, எதிரே கேமராவைத் தவிர வேறு யாரும் இல்லை. ஒரே காட்சியைப் பல கேமராக்கள் ஒருசேரப் பார்க்க, மேலேயுள்ள கட்டுப்பாட்டு அறையிலிருந்து தயாரிப்பாளர் எந்தக் கேமராவின் காட்சி பதிவாக வேண்டும் என்று மாற்றி மாற்றித் தேர்ந்தெடுப்பார். அவருடைய கட்டளைகளைக் காதொலிக் கருவியில் கேட்டுக் கீழே சைகையால் தெரிவிப்பவர் தள மேலாளர். பதிவான நாடாவை வெட்டித் தொகுப்பது எளிதாக இல்லாத அக்காலத்தில் காட்சிகள் நீளமாகவும் இடைநிறுத்தமின்றியும் எடுக்கப்பட்டன. ஒருவர் தவறினால் அனைவரும் முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

துணை நடிகரின் மதிப்பு தெளிவாக வெளிப்பட்டது இங்கேதான். திரைப்படத்தில் துண்டு துண்டாக எடுக்கப்படும் நடிப்புக்குப் பழகியவரைவிட, இரண்டு மணி நேர நாடகத்தை மாதத்துக்குப் பல முறை தடையின்றி நடித்துப் பழகிய சபா நடிகர் இம்முறைக்குப் பொருத்தமாக இருந்தார். அவர் தம் வசனத்தை மட்டுமின்றி எதிரில் நிற்பவர் வசனத்தையும் அறிந்திருப்பார். நாயக வேடத்தவர் ஒரு வரியைத் தாண்டிவிட்டால், அதைத் தாமே கேள்வியாக மாற்றிக் கதையை மீட்டுவிடுவார். குறைந்த ஒத்திகை, குறைந்த பணம், குறைந்த நேரம் ஆகிய மூன்றுக்கும் நடுவே வாரந்தோறும் நாடகம் வெளிவந்ததற்கு இந்தத் திறமையே காரணம்.

குழுவும் வேடமும்

தனி நடிகரை அழைப்பதோடு, ஒரு குழுவையே அழைத்து அதன் நாடகத்தைச் சுருக்கி ஒளிபரப்பும் வழக்கமும் இருந்தது. எனவே குழுவுக்குள் நிலையான இடம் பெற்ற துணை நடிகருக்குத் தொலைக்காட்சி வாய்ப்பும் தானாக வந்தது. இதற்கு நல்ல எடுத்துக்காட்டு தென் சென்னையில் வேர்கொண்ட நகைச்சுவை மரபு. கிண்டிப் பொறியியல் கல்லூரியில் படிக்கும்போது 1972இல் கல்லூரிகளுக்கிடையிலான போட்டிக்காக நாடகம் எழுதத் தொடங்கிய மோகன் (1952–2019), 1976இல் எஸ்.வி. சேகரின் நாடகப்பிரியா குழுவுக்காக 'கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' எழுதினார். கடற்கரையோரத் தென் புறநகரான பாலவாக்கத்தின் பெயர் நகைச்சுவைத் தலைப்பில் இடம்பெற்றது. தலைப்பின் முதற்சொல் ஆசிரியரின் பெயரோடு ஒட்டிக்கொண்டது. பின்னர் அவர் அமைத்த கிரேஸி கிரியேஷன்ஸ் குழுவில் நாயகன் எப்போதும் மாது, நண்பன் எப்போதும் சீனு, நாயகி பெரும்பாலும் ஜானகி. நண்பன் வேடத்தைப் பல்லாண்டு ஏற்றவர் வேடத்தின் பெயராலேயே சீனு மோகன் ஆனார். மேடையிலும் சின்னத்திரையிலும் நெடுங்காலம் உழைத்த அவருக்கு, 2016இல் 'இறைவி', 'ஆண்டவன் கட்டளை' ஆகிய படங்கள் வெளிவந்த பின்னரே திரைப்பட விமர்சகர்களின் கவனம் கிடைத்தது. 2018 டிசம்பரில் அவர் காலமானார்.

மற்றொரு வகை வாழ்க்கை டில்லி கணேஷுடையது (1944–2024). 1964 முதல் பத்தாண்டுகள் இந்திய விமானப்படையில் பணியாற்றியபடியே டில்லியின் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்து, சென்னைக்கு வந்து காத்தாடி ராமமூர்த்தியின் ஸ்டேஜ் கிரியேஷன்ஸ் குழுவில் சேர்ந்தார். விசு எழுதி அக்குழு மேடையேற்றிய 'பட்டினப் பிரவேசம்' 1977இல் கே. பாலசந்தரால் படமானபோது திரைக்கு அறிமுகமாகி, நானூறுக்கும் மேற்பட்ட படங்களிலும் பல தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தார். அலுவலக வேலையை விட்டு முழுநேர நடிகராகத் துணிந்த சிலரில் அவரும் ஒருவர். துணிந்து வெற்றி பெற்றவர்களின் பெயர்கள் நிலைத்துவிட்டமையால், அதுவே பொது வழி என்ற தோற்றம் ஏற்பட்டுவிட்டது. உண்மையில் அது விதிவிலக்கு.

பெண் கலைஞர்களின் நிலை இதிலிருந்து வேறுபட்டது. சுகுண விலாச சபையின் காலத்தில் பெண் வேடத்தையும் ஆண்களே ஏற்றார்கள். பின்னர்ப் பெண்கள் மேடைக்கு வந்தபோதும், அலுவலகம் போகும் ஆண் நடிப்பதை ஏற்ற குடும்பங்கள் தங்கள் வீட்டுப் பெண்கள் இரவு ஒத்திகைக்குச் செல்வதை எளிதில் ஏற்கவில்லை. ஆதலால் ஒரு சில நடிகையரே பல குழுக்களுக்கும் மாறி மாறிச் சென்று, ஒவ்வொரு காட்சிக்கும் ஊதியம் பெற்று நடித்தார்கள். அமெச்சூர்க் குழுவுக்குள் தொழில்முறைக் கலைஞராக இருந்தவர் பெரும்பாலும் பெண்ணே என்பது இந்த வரலாற்றின் முரண். ஆணின் நடிப்பை மாதச் சம்பளம் தாங்கியது. பெண்ணுக்கு நடிப்பே சம்பளமாக இருந்தது. தொலைக்காட்சி நிலையம் பகலிலும் பதிவு நடத்தியதால், ஆசிரியர், செய்தி வாசிப்பாளர், அலுவலகப் பணியாளர் எனப் படித்த பெண்கள் துணை வேடங்களுக்கு வர ஒரு புதிய வாயில் திறந்தது. செய்தி வாசிப்பிலிருந்து தொடர்களுக்கு வந்த பாத்திமா பாபு இவ்வழியில் நன்கு அறியப்பட்டவர். ஆண்களில் செய்தி வாசிப்பாளர் டி.வி. வரதராஜன் தம் சொந்த நாடகக் குழுவைச் சபாக்களில் நடத்தியவர்.

ஏற்பாடு குலைந்த விதம்

1982இல் வண்ண ஒளிபரப்பும் தேசிய நிகழ்ச்சியும் வந்தன. 1984 ஜூலையில் தொடங்கிய 'ஹம் லோக்' இந்தித் தொடர், ஒரே பாத்திரத்தை மாதக்கணக்கில் பார்க்கும் பழக்கத்தை நாடு முழுவதும் உண்டாக்கியது. 1985இல் தொலைக்காட்சிப் பெட்டிக்கான உரிமக் கட்டணமும் நீக்கப்பட்டது. சென்னை நிலையத்திலும் விளம்பரதாரர் உதவியோடு 13 வாரத் தொடர்கள் வரத் தொடங்கின. அதுவரை நிலையமே தயாரித்த நாடகத்தை இப்போது வெளித் தயாரிப்பாளர் எடுத்துக் கொடுத்தார். ஒப்பந்தக் கடிதத்தின் இடத்தைக் கால்ஷீட் பிடித்தது. கால்ஷீட் என்பது ஒரு நடிகர் ஒரு நாளில் குறிப்பிட்ட மணி நேரத்தைப் படப்பிடிப்புக்கு ஒதுக்கித் தருவது. வார இறுதியில் மட்டும் படப்பிடிப்பு நடந்தவரை அலுவலக நடிகர் சமாளித்தார்.

1993 ஏப்ரல் 14 அன்று சன் தொலைக்காட்சி தொடங்கியதும், அப்பத்தாண்டின் இறுதியில் நாள்தோறும் ஒளிபரப்பாகும் நெடுந்தொடர்கள் வேரூன்றியதும் அந்தச் சமாளிப்புக்கு முடிவு கட்டின. 'சித்தி', 'மெட்டி ஒலி', 'கோலங்கள்' போன்ற தொடர்கள் ஆண்டுக்கணக்கில் ஓடின. மாதத்தில் பல நாள்களைக் கொடுக்க இயலாதவருக்கு அவற்றில் இடம் இல்லை. முதன்முறையாகத் தமிழ்நாட்டில் தொலைக்காட்சித் துணை நடிப்பு ஒரு முழுநேரப் பிழைப்பாயிற்று. பணி ஓய்வு பெற்றவர்களுக்கு மட்டும் இது நற்பேறாக அமைந்தது: தாத்தா, பெரியப்பா வேடங்களில் முன்னாள் சபா நடிகர்கள் இரண்டாம் வாழ்வு பெற்றார்கள். டில்லித் தமிழ் மேடையில் வளர்ந்த டில்லி குமார் 'மெட்டி ஒலி'யின் தந்தை வேடத்தால் தமிழகம் முழுதும் அறியப்பட்டது இக்காலத்தில்தான். ஆனால் அவர்களுக்குப் பின் வரவேண்டிய தலைமுறை உருவாகவில்லை. மாலையில் நெடுந்தொடர் வீட்டுக்கே வந்ததால் புறநகர்ச் சபாக்களில் நாடகத்துக்குக் கூட்டம் குறைந்தது. நாடகம் குறைந்ததால் நடிகர் பயிலும் இடமும் குறைந்தது. தன்னை வளர்த்த மேடையைத் தொலைக்காட்சியே வலுவிழக்கச் செய்தது.

இந்த வரலாற்றை எழுதுவதில் உள்ள பெருந்தடை சான்றின்மை. நாடாக்கள் விலை உயர்ந்தவையாதலால் ஒரு நிகழ்ச்சியை அழித்து அதன்மேல் மற்றொன்றைப் பதியும் வழக்கம் பிபிசியில் இருந்தது போலவே தூர்தர்ஷனிலும் இருந்தது. சம்பந்த முதலியார் 'நாடக மேடை நினைவுகள்' என்ற தம் நூலில் உடன் நடித்தவர்களின் பெயர், வேடம், திறமை, குறை அனைத்தையும் எழுதி வைத்தமையால், 1890களின் சென்னை மேடையில் துணை வேடம் ஏற்ற வழக்கறிஞர் ஒருவரைப் பற்றி இன்று அறிய முடிகிறது. 1975க்குப் பிந்தைய செவ்வாய்க்கிழமை நாடகத்தில் மாமனாராக நடித்த கணக்கரைப் பற்றி அந்த அளவுக்கு அறிய முடிவதில்லை. எண்பது ஆண்டு பிந்தியவர் எண்பது ஆண்டு முந்தியவரைவிட இருளில் இருக்கிறார்.

சபா அழைப்பிதழ், ஒப்பந்தக் கடிதம், தட்டச்சு செய்த வசனப் பிரதி, படப்பிடிப்புக் கூடத்தில் எடுத்த ஒளிப்படம் ஆகியவை, அந்த நடிகர்கள் வாழ்ந்த வீடுகளின் பரண்களில் இருந்தால், அவையே இனி ஆதாரம். தமிழ் அச்சுப் பண்பாட்டின் சான்றுகளைப் பாதுகாக்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இதே தென் புறநகரில், தரமணியில் இயங்கி வருகிறது. வீட்டைப் புதுப்பிக்கும்போதோ இடிக்கும்போதோ இத்தாள்களைப் பழைய காகிதக் கடைக்கு அனுப்பாமல், அத்தகைய நூலகத்தின் பார்வைக்கு வைப்பதும், உயிரோடு இருக்கும் மூத்த கலைஞர்களிடம் அவர்கள் நடித்தவற்றைக் கேட்டுப் பதிவு செய்வதும் அந்தக் குடும்பங்களும் ஆய்வு மாணவர்களும் உடனே மேற்கொள்ள வேண்டிய கடமைகளாகும்.